கதையின் ஓரத்தில் நின்ற பெண்: ரேச்சல் ராபர்ட்சின் குணச்சித்திரக் கலை

திரைக்கலையைப் பற்றி எழுதப் புகுவோர் 'குணச்சித்திரம்' என்னும் சொல்லைப் பெரும்பாலும் ஓர் ஆறுதல் சொல்லாகவே கையாண்டு வருகின்றனர். தலைவனாகவும் தலைவியாகவும் வாராதவர், நகைச்சுவைக்கும் தீமைக்கும் தனியே ஒதுக்கப்படாதவர் எவரோ, அவரையெல்லாம் குணச்சித்திர நடிகர் என்று ஒரே பெட்டியில் இட்டு மூடிவிடுகின்றோம். சொல்லின் பொருளைச் சற்றே நின்று நோக்கினால் உண்மை வேறாகத் தோன்றும். ஒருவரின் குணத்தைச் சித்திரமாகத் தீட்டிக் காட்டுவது நடிப்பின் ஒரு சிறு கிளையன்று; அதுவே நடிப்பின் வேர். தலைவியின் அழகைக் கதையே சுமந்து செல்லும். ஓரத்தில் நிற்பவளையோ கதை சுமப்பதில்லை. தன்னைத் தானே அவள் சுமந்தாக வேண்டும்.

இக்கருத்தை ஆராய்வதற்கு ஏற்ற சான்றாக, வேல்ஸ் நாட்டில் பிறந்து இங்கிலாந்திலும் ஆஸ்திரேலியாவிலும் அமெரிக்காவிலும் நடித்துப் புகழ்பெற்ற ரேச்சல் ராபர்ட்ஸ் அம்மையாரின் கலைவாழ்வை நாம் எடுத்துக்கொள்கின்றோம். தமிழ்ச் சங்க மலரில் வேல்ஸ் நாட்டு நடிகைக்கு இடம் எதற்கு என்று அன்பர்கள் சிலர் வினவக்கூடும். கலையை நுகர்வதற்குப் பிறந்த மண் வேலியாகாது என்பது ஒரு விடை. பிறந்த ஊரை விட்டு நீங்கி, பிற ஊர்களின் பேச்சைத் தம் நாவில் ஏற்று, அதனால் உயர்ந்தும் அதனிடையே தனித்தும் வாழ்ந்த ஒருவரின் கலை, அவ்வாறே ஊர்விட்டு ஊர்வந்து வாழும் நம் குடும்பங்களுக்கு எளிதில் விளங்கும் என்பது மற்றொரு விடை.

அவர் ஏற்ற வேடங்களுள் நான்கினை இங்கே முதன்மையாகக் கொள்வோம். பிரெண்டா, திருமதி ஹாமண்ட், திருமதி ஆப்பிள்யார்டு, கிளாரி என்னும் அந்நான்கு பெண்களுக்கும் ஓர் ஒற்றுமை உண்டு. நால்வரும் படம் முடியும் முன்னரே கதையிலிருந்து அகற்றப்படுகின்றனர். அகற்றப்பட்ட பின்னும் அவர்களே நம் நெஞ்சில் நிற்கின்றனர். இஃது எவ்வாறு நிகழ்ந்தது என்பதே நம் ஆராய்ச்சி.

பிறந்த ஊரும் பயின்ற கலையும்

ரேச்சல் ராபர்ட்ஸ் 1927 செப்டம்பர் 20-ஆம் நாள் தென்வேல்ஸில் உள்ள லனெல்லி என்னும் நகரில் பிறந்தார். தகரத் தகடு செய்யும் ஆலைகளால் பெயர்பெற்ற ஊர் அது. ஆலையின் சங்கொலியும் கோயிலின் பாட்டொலியும் அவ்வூர் வாழ்வின் இரு கரைகள் எனலாம். அவர் தந்தையார் பாப்டிஸ்ட் சபையின் போதகர். மேடையேறிப் பேசும் குரல் எவ்வளவு வலிமை உடையது என்பதை அறிவதற்குப் போதகரின் மகளுக்குத் தனிப்பள்ளி வேண்டியதில்லை. பின்னர் அவர் வேல்ஸ் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்று, லண்டனிலுள்ள அரச நாடகக் கலைக்கழகத்தில் பயின்று, ஸ்வான்சி நகர நாடகக் குழுவில் நடிக்கத் தொடங்கினார்.

அவர் தொடக்கத்தில் நடித்த திரைப்படங்களுள் ஒன்று 1953-இல் வெளிவந்த 'வேலி ஆஃப் சாங்'. வேல்ஸ் நாட்டுச் சிற்றூர் ஒன்றின் பாடற்குழுவில் முதன்மையாகப் பாடும் உரிமை யாருக்கு என்பது பற்றி எழும் பூசலே அதன் கதை. தம் மண்ணின் மணத்தோடு திரைக்கு வந்த அவருக்கு, அதன்பின் அம்மண்ணைச் சேர்ந்த பெருவேடம் ஏதும் திரையில் அமையவில்லை. அவர் புகழ்பெற்ற வேடங்கள் அனைத்தும் பிற நிலத்துப் பெண்களுடையவை: நாட்டிங்காம் நகரத்து ஆலைத் தொழிலாளியின் மனைவி, யார்க்‌ஷயர்க் கைம்பெண், ஆஸ்திரேலியாவில் பள்ளி நடத்தும் ஆங்கிலேய மாது, செருமானியப் பணிப்பெண். ஒவ்வொருத்தியின் பேச்சையும் அவர் புதிதாகக் கற்றார். சொல்லின் பொருளைக் கேட்கும் முன்னே ஓசையைக் கொண்டு 'இவர் நெல்லையோ, கோவையோ' என்று கண்டுகொள்ளும் பழக்கமுடைய நமக்கு, இவ்வுழைப்பின் அருமை சொல்லாமலே விளங்கும்.

பிரெண்டா: பாதியில் கைவிடப்பட்ட கதை

1950-களின் இறுதியில் ஆங்கில நாடகமும் திரைப்படமும் ஒரு திருப்பத்தைக் கண்டன. மாளிகைகளின் வரவேற்பறையை விட்டு, ஆலைத் தொழிலாளரின் நெருக்கமான வீடுகளுக்குள் கலை நுழைந்தது. அலன் சில்லிட்டோ 1958-இல் எழுதிய நாவலை அவரே திரைக்கதையாக்க, கேரல் ரைஸ் இயக்கிய 'சாட்டர்டே நைட் அண்ட் சண்டே மார்னிங்' 1960-இல் வெளிவந்தது. ஆர்தர் சீட்டன் என்னும் இளந்தொழிலாளியின் துடுக்கே அப்படத்தின் உயிர். ஆல்பர்ட் ஃபின்னி அவ்வேடத்தால் ஒரே நாளில் பெரும்புகழ் எய்தினார். உடன் பணிபுரியும் ஜாக் என்பவனின் மனைவியே பிரெண்டா. ஜாக் வீட்டில் இல்லாத பொழுதுகளில் ஆர்தரோடு அவள் பழகுகின்றாள்.

சாதாரண நடிகையிடம் இவ்வேடம் சிக்கியிருந்தால் இரண்டில் ஒன்று நிகழ்ந்திருக்கும். ஒன்று, மயக்கும் பெண்ணாக ஆகியிருப்பாள். அன்றேல், மயங்கிக் கெட்ட பேதையாக ஆகியிருப்பாள். ராபர்ட்ஸ் இரண்டையும் ஒதுக்கினார். அவர் காட்டும் பிரெண்டா களைத்தவள். ஆனால் தன் களைப்பைப் பிறர்மேல் சுமத்தாதவள். காலையுணவு ஆக்கிப் படைக்கும் வேளையில் அவள் முகத்தில் ஒரு சிறு மலர்ச்சி தோன்றி மறைகின்றது. அது காமத்தின் மலர்ச்சி மட்டும் அன்று. நெடுநாளைக்குப் பின் தன்னை ஒருவன் ஏறெடுத்துப் பார்த்தான் என்னும் வியப்பு அதில் கலந்திருக்கின்றது. ஆர்தருக்கு அது விளையாட்டு. அவளுக்கோ அது கடன்; என்றேனும் வட்டியுடன் கட்ட வேண்டியிருக்கும் என்பதை அவள் கண்கள் முதலிலிருந்தே அறிந்துள்ளன.

அக்கடனைக் கட்டவேண்டிய நாளும் வருகின்றது. தான் கருவுற்றிருப்பதை அவள் ஆர்தரிடம் தெரிவிக்கின்றாள். நாவலில் கருக்கலைப்பு நிறைவேறிவிடும். தணிக்கையாளரின் நெருக்குதலால் படத்தில் அம்முயற்சி தோல்வியாக மாற்றப்பட்டது. இம்மாற்றத்தால் கதைக்கு ஊறு நேர்ந்தது என்போர் உளர். நாமோ, அது நடிகைக்கு ஓர் அரிய வாய்ப்பை அளித்தது என்று கருதுகின்றோம். குழந்தையைப் பெற்றெடுத்து, வருவதை எதிர்கொள்ளப் போவதாக அவள் சொல்லும் இடத்தில் கண்ணீர் இல்லை, பழிச்சொல் இல்லை. ஆர்தரின் துணிவெல்லாம் வெறும் வாய்வீச்சு என்பதும், படத்தில் உண்மையான துணிவு உடையவர் யார் என்பதும் அவ்வொரு கணத்தில் வெளிப்பட்டுவிடுகின்றன.

இவ்விடத்தில் இயக்குநரின் குறையையும் சுட்டியாக வேண்டும். அதன்பின் படம் பிரெண்டாவைக் கைவிட்டு, ஆர்தரும் அவன் மணக்கவிருக்கும் டோரீனும் ஊர்ப்புறத்து மேட்டில் அமர்ந்து எதிர்காலம் பேசும் காட்சிக்குச் சென்றுவிடுகின்றது. பிரெண்டாவின் பிள்ளை என்னவாயிற்று? ஜாக் அவளை எவ்வாறு நடத்தினான்? படம் விடை கூறவில்லை, வினவவும் இல்லை. ஆனால் பார்ப்பவர் வினவுகின்றனர். அவ்வாறு வினவச் செய்தது கதையன்று, நடிப்பு. ஓரத்து மாந்தர் ஒருத்தி கதையின் மனச்சான்றாக மாறிய அருமைக்கு, பிரிட்டனின் உயரிய திரை விருதாகிய பாஃப்டா அவருக்கு முதன்முறை வழங்கப்பட்டது.

திருமதி ஹாமண்ட்: அணையாத கணப்பு

ராபர்ட்சின் கலை தன் உச்சத்தைத் தொட்டது 1963-இல் வெளிவந்த 'திஸ் ஸ்போர்ட்டிங் லைஃப்' படத்தில் என்பதில் கருத்து வேறுபாடு அரிது. டேவிட் ஸ்டோரியின் நாவலை அவரே திரைக்கதையாக எழுத, லிண்ட்சே ஆண்டர்சன் இயக்கினார். அவர் இயக்கிய முதல் முழுநீளக் கதைப்படம் அதுவே. ஃபிராங்க் மேசின் என்னும் ரக்பி ஆட்டக்காரன், கணவனை இழந்த திருமதி ஹாமண்டின் வீட்டில் குடியிருக்கின்றான். ரிச்சர்ட் ஹாரிஸ் மேசினாக நடித்தார். அவன் அவளை விரும்புகின்றான். அவளால் அவ்விருப்பை ஏற்கவும் இயலவில்லை, முற்றும் தள்ளவும் இயலவில்லை. கதை இவ்வளவே.

ஆலையில் இறந்துபோன கணவனின் காலணிகள் கணப்பருகே இருக்கின்றன. அவள் அவற்றைத் துடைத்து மெருகேற்றுகின்றாள். இக்காட்சியைக் கணவன்பால் அவள் கொண்ட காதலின் அடையாளம் என்று கூறிச் செல்வது எளிது. ராபர்ட்சின் கைகளை உற்று நோக்குவோர் அவ்வாறு கூறமாட்டார். அக்கைகளில் கனிவு இல்லை, கடமை இருக்கின்றது. கணவன் தானாகவே சாவைத் தேடிக்கொண்டானோ என்னும் ஐயம் ஊரில் உலவுகின்றது. அவ்வையத்தைத் தேய்த்து அழிப்பவள்போல் அவள் தோலைத் தேய்க்கின்றாள். ஒரு சொல்லும் பேசாமல், ஒரு குடும்பத்தின் நாணத்தையும் சினத்தையும் விரல்களாலே பேசிய இந்நடிப்புக்கு ஈடானது அக்காலத்து ஆங்கிலத் திரையில் மிகச் சிலவே.

தொல்காப்பியர் மெய்ப்பாடுகளை எட்டாக வகுத்தபோது அழுகையையும் இளிவரலையும் தனித்தனியே வைத்தார். இரண்டும் துன்பத்தின்பாற் பட்டவையே எனினும் ஒன்றல்ல. இழந்ததற்காக வருந்துவது அழுகை. தன் நிலை தாழ்ந்ததே எனக் குன்றி நிற்பது இளிவரல். மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்னும் நான்கும் அதன் பிறப்பிடங்கள் என்பார் அவர். மென்மை என்பதற்கு வறுமை எனப் பொருள் கொள்வதும் உண்டு. மேலைநாட்டுத் திறனாய்வாளர் பலர் திருமதி ஹாமண்டைத் துயரம் உறைந்த பெண் என்று எழுதியுள்ளனர். துயரம் என்னும் பொதுச்சொல் இங்கே போதாது. அவளிடம் நாம் காண்பது அழுகை அன்று, இளிவரல். மேசின் அவளை அழைத்துச் செல்லும் உயர்ந்த உணவகத்தில் அவன் முரட்டுத்தனமாக நடந்துகொள்ளும்போது, அவள் முகம் குன்றிச் சிறுக்கின்றது. அவன் பொருள் தருகின்றான். மேலாடை வாங்கித் தருகின்றான். ஒவ்வொரு பரிசும் அவளை உயர்த்துவதற்கு மாறாகத் தாழ்த்துகின்றது. ஊரார் கண்ணில் தான் யார் என்னும் எண்ணமே அவளைத் தின்கின்றது. அன்பு செலுத்துவோன் கொடுக்கும் பொருளே அன்பை அவமானமாக்கிவிடும் என்னும் கொடிய உண்மையை, இவ்வளவு தெளிவாக வேறொரு நடிகை காட்டி நாம் கண்டதில்லை.

இன்னொன்றும் கருதத்தக்கது. அவர் மேசினுக்கு எதிரே நடித்த முறை முற்றிலும் மறுப்பின் வழிப்பட்டது. ஹாரிஸ் உடலால் நடிக்கின்றார். தோளாலும் கைமுட்டியாலும் திரையை நிறைக்கின்றார். அவ்வெள்ளத்துக்கு எதிரே ராபர்ட்ஸ் தம்மைச் சுருக்கிக் கொள்கின்றார். முழங்கைகள் விலாவோடு ஒட்டியிருக்கின்றன. பார்வை அடுப்பிலோ தரையிலோ நிற்கின்றது. விடைகள் ஓரிரு சொற்களில் முடிகின்றன. எவ்வளவு சுருங்குகின்றாரோ அவ்வளவு நம் கண் அவரையே நாடுகின்றது. இறுதியில் அவள் சினம் வெடித்து அவனை வெளியேற்றும்போது, அடங்கியிருந்தது அமைதியன்று, அணையாத நெருப்பே என்பது விளங்குகின்றது.

பின்னர் மூளையில் குருதி கசிந்து, மருத்துவமனைக் கட்டிலில் நினைவின்றிக் கிடந்து அவள் இறக்கின்றாள். அப்போதும் படம் முடிவதில்லை. மேசின் மீண்டும் ஆடுகளத்தில் ஓடுகின்றான். ஓடுபவனைத்தான் காமிரா பார்க்கின்றது. நாமோ அவளையே எண்ணிக்கொண்டிருக்கின்றோம். இவ்வேடத்துக்காக அவருக்கு இரண்டாம் முறை பாஃப்டா விருது கிட்டியது. ஆஸ்கார் விருதின் முதன்மை நடிகைப் பிரிவிலும் அவர் பெயர் முன்மொழியப்பட்டது.

சிறு வேடங்களின் பெருமை

இத்தகைய வெற்றிக்குப் பின் பெரிய வேடங்கள் வரிசையாக வந்திருக்க வேண்டும். வரவில்லை. 1962-இல் அவர் புகழ்பெற்ற நடிகர் ரெக்ஸ் ஹாரிசனை மணந்தார். 1971-இல் மணமுறிவு நேர்ந்தது. அவ்விடைக்காலத்தில் 1964-இல் லயனல் பார்ட்டின் 'மேகி மே' இசைநாடகத்தில் தலைமை வேடம் ஏற்றது நீங்கலாக, அவர் ஆற்றலுக்கு ஏற்ற பணி மிகக் குறைவு. 1968-இல் கணவரோடு நடித்த 'எ ஃப்ளீ இன் ஹெர் இயர்' என்னும் நகைச்சுவைப் படம் அவர் கலைக்குப் பெருமை சேர்க்கவில்லை. விரைவும் பொய்ம்மையும் வேண்டும் கேலிக்கூத்தில், உண்மையையே கைவந்த கருவியாகக் கொண்டவர் திணறுவது இயல்பே.

1970-களில் மீண்டும் அவர் கலை மலர்ந்தது. 1972-இல் ராயல் கோர்ட் அரங்கில் டெட் வைட்ஹெட் எழுதிய 'ஆல்ஃபா பீட்டா' நாடகத்தில் ஆல்பர்ட் ஃபின்னியுடன் நடித்தார். கணவன், மனைவி என்னும் இருவரே மாந்தர். ஆண்டுகள் பல கடந்து ஓர் இல்லறம் சிதையும் கதை. பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் ஆர்தரும் பிரெண்டாவுமாக நின்ற இருவரும், இப்போது ஒருவரையொருவர் விடவும் இயலாத, பொறுக்கவும் இயலாத தம்பதியராக நின்றனர்.

1973-இல் ஆண்டர்சனின் 'ஓ லக்கி மேன்' படத்தில் மூன்று வேடங்கள் ஏற்றார். அவற்றுள் ஒருத்தி வறுமையால் வாழ்வை வெறுத்த குடும்பப் பெண். கதைத்தலைவன் அழகிய தத்துவ மொழிகளை அடுக்கி அவளைத் தடுக்க முயல்கின்றான். அச்சொற்கள் அவள்மேல் ஒட்டவேயில்லை. பசித்தவனுக்கு நல்லுரை உணவாகாது என்பதை, அவர் ஒரு வறண்ட பார்வையால் உணர்த்திவிடுகின்றார்.

1974-இல் சிட்னி லூமட் இயக்கிய 'மர்டர் ஆன் தி ஓரியண்ட் எக்ஸ்பிரஸ்' படத்தில் இளவரசியின் செருமானியப் பணிப்பெண்ணாக வருகின்றார். துப்பறியும் பொய்ரோவாக வருபவர் மீண்டும் ஃபின்னியே. 'நீ நல்ல சமையற்காரி அல்லவா' என்னும் பொருள்பட அவர் வினவ, தொழிற்பெருமை மீதூர்ந்து அவள் தன் கடந்த காலத்தைக் காட்டிக் கொடுத்துவிடுகின்றாள். விறைப்பான முகத்தில் அப்பெருமிதம் ஒளிவிட்டு, உடனே அச்சமாக மாறுகின்றது. மேலைத்திரையின் பெருநட்சத்திரங்கள் பலர் கூடிய அப்படத்தில், ஒரு சமையற்காரியின் தன்மதிப்பு நம் நினைவில் தங்கிவிடுவது குணச்சித்திரக் கலையின் வெற்றியன்றி வேறென்ன?

திருமதி ஆப்பிள்யார்டு: சிதையும் கோட்டை

ஜோன் லிண்ட்சேயின் நாவலைத் தழுவிப் பீட்டர் வியர் இயக்கிய 'பிக்னிக் அட் ஹேங்கிங் ராக்' 1975-இல் ஆஸ்திரேலியாவில் உருவாயிற்று. 1900-ஆம் ஆண்டு பிப்ரவரி 14-இல் ஒரு பெண்கள் பள்ளியின் மாணவியர் பாறைக்குன்று ஒன்றுக்கு உலாச் செல்கின்றனர். மாணவியர் மூவரும் ஆசிரியை ஒருவரும் காணாமற்போகின்றனர். ஒருத்தி மட்டுமே பின்னர்க் கிடைக்கின்றாள். மறைவின் புதிர் இறுதிவரை அவிழ்வதில்லை. இப்பள்ளியின் தலைவியே திருமதி ஆப்பிள்யார்டு. முதலில் தேர்வு செய்யப்பட்டிருந்த விவியன் மெர்ச்சன்ட் உடல்நலம் குன்றவே, குறுகிய அவகாசத்தில் ராபர்ட்ஸ் வரவழைக்கப்பட்டார்.

இப்படத்தின் ஏனைய பகுதிகள் கனவைப் போல மிதக்கின்றன: வெண்ணிற ஆடை, குழலிசை, வெயில். திருமதி ஆப்பிள்யார்டு ஒருத்தியே கல்லைப்போல் நிலத்தில் ஊன்றி நிற்கின்றாள். உயர்த்திக் கட்டிய கொண்டையும் இறுகிய கழுத்துப்பட்டியும் அவளைப் பெண்ணாகக் காட்டவில்லை, நிறுவனமாகக் காட்டுகின்றன. கல்விக் கட்டணம் செலுத்தப்படாத சாரா என்னும் ஆதரவற்ற சிறுமியிடம் அவள் காட்டும் கொடுமை மன்னிக்கத்தக்கதன்று. ராபர்ட்ஸ் மன்னிப்பு வேண்டவும் இல்லை. கொடியவளை நல்லவளாக்கிக் காட்டும் மலிவான வழியை அவர் நாடவில்லை. அக்கொடுமை எங்கிருந்து பிறக்கின்றது என்பதை மட்டும் காட்டினார்.

அது வெளிப்படுவது ஓர் இரவுணவுக் காட்சியில். பிரெஞ்சு ஆசிரியையோடு அமர்ந்து மது அருந்தும் அவள், மறைந்த கணவனோடு இங்கிலாந்தின் போர்ன்மத் கடற்கரை ஊரில் கழித்த விடுமுறைகளை நினைவுகூர்கின்றாள். காணாமற்போன ஆசிரியையைத் தான் எவ்வளவு நம்பியிருந்தாள் என்று புலம்புகின்றாள். தாயகத்து ஒழுங்கை அப்படியே பெயர்த்து வந்து பழக்கமில்லாத மண்ணில் நட்டுவிட்டால் அது வேரூன்றிவிடும் என்று நம்பியவள் அவள். எந்நேரமும் ஊரின் பழைய வழக்கையே பேசிக்கொண்டு, புதிய மண்ணைப் பகையாகவே காணும் மனம் எவ்வாறு இறுகும் என்பதற்கு அவள் ஓர் எச்சரிக்கை. புலம்பெயர்ந்தோர் எவரும் இக்காட்சியைப் புறத்தே நின்று மட்டும் காண இயலாது.

சாரா இறந்துகிடக்கும் செய்தியைத் தோட்டக்காரன் கொண்டுவரும்போது, அவள் துக்க உடையணிந்து அசையாமல் அமர்ந்திருக்கின்றாள். செய்தி வருமுன்னே உடை தயாராக இருந்தது எப்படி? படம் விளக்கவில்லை. அந்த முகத்திலும் விடை இல்லை. விடை இருக்கின்றது என்னும் உறுதி மட்டும் இருக்கின்றது. பின்னர் அவள் முடிவை ஒரு பின்னணிக் குரல் சில சொற்களில் அறிவித்துவிடுகின்றது. மீண்டும் அதே முறை: கதை அவளைச் சுருக்கமாகக் கணக்குத் தீர்க்கின்றது, நடிப்போ கணக்கைத் தீர்க்க மறுக்கின்றது.

தொலைக்காட்சியும் இறுதிப் படங்களும்

தொலைக்காட்சி அவருக்குப் புதிதன்று. 1950-களின் இறுதியில் பி.பி.சி. ஒளிபரப்பிய டிக்கன்சின் 'அவர் மியூச்சுவல் ஃப்ரெண்ட்' தொடரில் லிஸ்ஸி ஹெக்சாமாக நடித்தவர் அவர். ஆனால் 1976 முதல் 1978 வரை அமெரிக்கத் தொலைக்காட்சியில் வந்த 'தி டோனி ராண்டல் ஷோ' அவரை வீட்டு மேலாண்மைப் பணிப்பெண்ணாக்கி, வேடிக்கைச் சொற்களைப் பேச வைத்தது. அவர் அதனைத் திறம்படவே செய்தார். எனினும், வாரந்தோறும் அரைமணி நேரத்தில் சிரித்துக் கலையும் அவ்வடிவம், சொல்லுக்கும் சொல்லுக்கும் இடையே உள்ள மௌனத்தில் வாழும் ஒரு நடிகைக்கு எவ்வாறு பொருந்தும்? அங்கே மௌனத்துக்கு இடமில்லை, சிரிப்பொலிக்கே இடம்.

1978-இன் 'ஃபவுல் பிளே' படத்தில் தீயவளாக வந்து, முதியவர் ஒருவரோடு கைகலந்து சண்டையிடும் காட்சி வேடிக்கையானது. கனமான வேடங்களாலேயே அவரை அறிந்தோர் அவரிடம் நகையும் உண்டு என்று அறிய அது உதவும். அதற்கு மேல் அதில் ஒன்றுமில்லை.

மறுநாளே வாடிவிடும் இத்தகைய பணிகளுக்கு நடுவே, ஜான் ஷ்லெசிஞ்சர் இயக்கி 1979-இல் வெளிவந்த 'யாங்க்ஸ்' அவர் கலையை மீண்டும் வெளிச்சத்துக்குக் கொணர்ந்தது. இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் வட இங்கிலாந்தில் முகாமிட்ட அமெரிக்க வீரர்களின் கதை அது. கடை வைத்துப் பிழைக்கும் குடும்பத்துத் தாய் கிளாரி, தன் மகள் அயல்நாட்டு வீரனை விரும்புவதை எதிர்க்கின்றாள். காதலுக்குத் தடை நிற்கும் தாய் என்பது எல்லா மொழிக் கதைகளிலும் பழகித் தேய்ந்த வேடம். ராபர்ட்ஸ் அதற்குப் புத்துயிர் அளித்தார். கிளாரியின் மறுப்பு பிடிவாதம் அன்று. நோய் தன் உடலை அரிப்பதை அவள் அறிவாள். மகள் கடல் கடந்துவிட்டால் தான் கட்டிக் காத்த சிறுவீட்டின் பொருள் என்ன என்னும் அச்சமே அவள் மறுப்பாக வடிவெடுக்கின்றது. பிள்ளைகளை வேற்றூருக்கு வழியனுப்பிவிட்டுக் கதவோரம் நின்ற தாயரை அறிந்த நம்மவர்க்கு, கிளாரியைப் பகையாகக் காண மனம் வாராது. அவளும் கதை முடியும் முன் இறந்துவிடுகின்றாள். துணை நடிகைக்கான பாஃப்டா விருது, ராபர்ட்ஸ் பெற்ற மூன்றாவதாக, அவ்வேடத்துக்கு வழங்கப்பட்டது.

வாழ்வும் கலையும்

1980 நவம்பர் 26-ஆம் நாள், லாஸ் ஏஞ்சலீஸ் நகரில், தம் 53-ஆம் வயதில், ரேச்சல் ராபர்ட்ஸ் தம் வாழ்வைத் தாமே முடித்துக்கொண்டார். அவருடைய நாட்குறிப்புகள் 1984-இல் 'நோ பெல்ஸ் ஆன் சண்டே' என்னும் பெயரில் நூலாக வெளிவந்தன. அன்றிலிருந்து அவரைப் பற்றி எழுதுவோர் பலர் ஓர் எளிய வழியைக் கைக்கொண்டனர். மதுப்பழக்கம், முறிந்த மணம், தனிமை ஆகியவற்றை வரிசைப்படுத்தி, 'ஆகவேதான் துயரப் பெண்களை இவ்வளவு இயல்பாக நடித்தார்' என்று முடிப்பதே அவ்வழி.

இம்முடிவை நாம் வன்மையாக மறுக்கின்றோம். முதலாவதாக, அது காலக் கணக்குக்கு ஒவ்வாதது. பிரெண்டாவாக நடித்தபோது ஹாரிசனோடு மணம் நிகழவே இல்லை. திருமதி ஹாமண்டாக நடித்தபோது அது முறியவில்லை. இரண்டாவதாக, துயரம் மட்டுமே நடிப்பைத் தருமாயின் துயருற்றோர் அனைவரும் பெருநடிகராக வேண்டும். துயரம் மூலப்பொருளாகலாம், அதனை வடிவாக்குவது பயிற்சியும் அறிவும். யார்க்‌ஷயர்ப் பேச்சின் இழுப்பும், காலணி துடைக்கும் கையின் விரைவும், திருமதி ஆப்பிள்யார்டின் கழுத்தின் நிமிர்வும் துன்பத்திலிருந்து தாமே விளைந்தவை அல்ல. அவை ஒருவர் உற்றுநோக்கி, தேர்ந்து, திருத்தி அமைத்தவை. மூன்றாவதாக, பெண் கலைஞர்க்கே இவ்வநீதி மிகுதியாக நேர்கின்றது. ஆணின் நடிப்பை ஆற்றல் என்கின்றோம்; பெண்ணின் நடிப்பை அவள் தலையெழுத்து என்கின்றோம்.

இங்கே நம் மொழி நமக்கு ஒரு நல்ல கருவியைத் தந்துள்ளது. இக்கட்டுரையில் பாத்திரத்தை 'அவள்' என்றும் நடிகையை 'அவர்' என்றும் எழுதி வந்தோம். இது வெறும் மரியாதைக்குரிய வேறுபாடு அன்று. ஒரு திறனாய்வுக் கோட்பாடே ஆகும். கணப்பருகே குன்றி நிற்பவள் அவள். அவளைக் குன்றி நிற்கச் செய்தவர் அவர். அவள் தோற்றாள், அவர் வென்றார். இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்புவோர் கலைஞரின் உழைப்பைக் களவாடுவோர் ஆவர்.

முடிவுரை

ரேச்சல் ராபர்ட்ஸ் நடித்த திரைப்படங்கள் எண்ணிக்கையில் மிகப் பல அல்ல. அவற்றுள்ளும் உயர்ந்தவை ஒருகை விரல்களுக்குள் அடங்கும். தம் ஆற்றலுக்கு ஏற்ற வாய்ப்புகள் அவருக்குக் கிடைக்கவில்லை என்பதும், கிடைத்தவற்றுள் சிலவற்றில் அவர் கலை வீணாயிற்று என்பதும் மறைக்கத்தக்கன அல்ல. ஆயினும் கதைத்தலைவரின் பாதையில் ஒரு படியாக மட்டும் வைக்கப்பட்ட பெண்களை எடுத்து, அப்படியில் கால் வைத்துச் சென்றவன் திரும்பிப் பார்த்தே ஆகவேண்டிய நிலையை அவர் உருவாக்கினார். ஆர்தர் சீட்டனும் மேசினும் முன்னே சென்றுவிட்டனர். பார்வையாளராகிய நாம் பிரெண்டாவோடும் திருமதி ஹாமண்டோடும் பின்தங்கி நிற்கின்றோம்.

1990-களின் தொடக்கத்தில் லிண்ட்சே ஆண்டர்சன், ராபர்ட்சின் அஸ்தியையும், மற்றொரு நடிகையும் தோழியுமான ஜில் பென்னட்டின் அஸ்தியையும் நண்பர்கள் சூழத் தேம்ஸ் ஆற்றில் கரைத்தார். தம் படமொன்றில் அதனைப் பதிவும் செய்தார். அன்புடையோர் செய்யும் கடன் அது. கலையைச் சுவைப்போர் செய்யவேண்டிய கடன் வேறு. அப்படங்களை மீண்டும் காணும் வாய்ப்பு நேருமாயின், அவர் வாழ்வின் முடிவைச் சற்றே மறந்து, அவர் கைகளையும் கண்களையும் மௌனங்களையும் மட்டும் நோக்குவோமாக. தலைவி அல்லாதார் அனைவரையும் குணச்சித்திர நடிகர் என்று ஒரு பெட்டியில் இட்டு மூடும் வழக்கத்தை, அப்போது நாமே கைவிட்டுவிடுவோம்.